அப்பாயியின் இனிப்பு எலுமிச்சைத் தேநீர்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கோத்தகிரியில் எங்கள் வீட்டுக்கு வருகிறவர்கள் இந்தத் தேநீரைக் குடித்துவிட்டுச் செய்முறையைக் கேட்டு எழுதிக்கொண்டு போவார்கள். பத்து நாள் கழித்துத் தொலைபேசி வரும். "நீங்கள் சொன்ன மாதிரிதான் செய்தேன், கசக்கிறதே" என்பார்கள். ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகப் பதில் சொல்லி அலுத்துவிட்டது. இதுவரை கேட்கப்பட்ட கேள்விகளையெல்லாம் இங்கே ஒன்றாக எழுதிவைத்திருக்கிறேன்.

இது யாருடைய செய்முறை?

என் அப்பாவைப் பெற்ற அப்பாயியுடையது. இலங்கையில் தலவாக்கலைப் பக்கம் ஒரு தோட்டத்தில் கொழுந்து பறித்தவர். 1964-ல் இந்தியாவும் இலங்கையும் செய்துகொண்ட ஒப்பந்தத்தின்படி தாயகம் திரும்பியவர்களில் எங்கள் குடும்பமும் ஒன்று. 1970-களின் நடுவில் தலைமன்னாரில் கப்பல் ஏறி, மண்டபம் முகாம் வழியாக நீலகிரிக்கு வந்து சேர்ந்தார்கள். இப்படித் திரும்பியவர்களுக்கு வேலை கொடுப்பதற்காகவே தமிழக அரசு இங்கே தேயிலைத் தோட்டங்களைத் தொடங்கியிருந்தது. விட்டு வந்ததும் தேயிலை, வந்து சேர்ந்ததும் தேயிலை.

எங்கள் வீட்டில் பால் சேர்க்காத தேநீருக்குச் சாயத்தண்ணி என்று பெயர். அப்பாயி கடைசிவரை சர்க்கரையைச் சீனி என்றும், பாட்டிலைப் போத்தல் என்றும், எலுமிச்சையைத் தேசிக்காய் என்றும்தான் சொன்னார். இந்தப் பக்கத்திலும் நான் சீனி என்றே எழுதுகிறேன். எனக்கும் அதுதான் வாயில் வருகிறது.

கதை இருக்கட்டும், அளவு என்ன?

இரண்டு பேருக்குச் சொல்கிறேன். ஒரு டம்ளர் என்பது இங்கே 150 மில்லி.

தண்ணீர் இரண்டு டம்ளரும் மேற்கொண்டு ஒரு வாயும். தேயிலை, இலை வகையாக இருந்தால் இரண்டு தேக்கரண்டி, டீக்கடை டஸ்ட் என்றால் ஒன்று. சீனி நான்கு தேக்கரண்டி. நடுத்தரமான நாட்டு எலுமிச்சை ஒன்று. இஞ்சி சுண்டுவிரல் நுனியளவு. உப்பு இரண்டு விரலில் ஒட்டுகிற அளவு.

எலுமிச்சையைக் கழுவித் துடைத்து, அதன் தோலைச் சீனியில் தேய்த்து, அந்தச் சீனியை இரண்டு டம்ளரிலும் பங்கிட்டுப் போடுங்கள். தண்ணீரில் நசுக்கிய இஞ்சியைப் போட்டுக் கொதிக்கவிடுங்கள். நன்றாகக் கொதி வந்ததும் அடுப்பை அணைத்துவிட்டுத் தேயிலையைத் தூவி மூடுங்கள். இலைக்கு மூன்று நிமிடம், டஸ்ட்டுக்கு ஒன்றரை நிமிடம் போதும். சீனியின்மேல் வடிகட்டி ஊற்றி, உப்பைப் போட்டுக் கலக்குங்கள். ஒரு நிமிடம் சும்மா இருங்கள். பிறகு டம்ளருக்கு ஒரு மூடி, அதாவது அரைப் பழம், எலுமிச்சையைப் பிழியுங்கள். அவ்வளவுதான்.

சீனியில் தோலைத் தேய்ப்பது எதற்கு? அது இல்லாமல் முடியாதா?

முடியும். ஆனால் அது எல்லா வீட்டிலும் போடுகிற லெமன் டீயாகிவிடும், எங்கள் வீட்டுடையதாக இருக்காது.

எலுமிச்சையின் புளிப்பு சாற்றில் இருக்கிறது, வாசனையோ பெரும்பாலும் தோலில் இருக்கிறது. தோலின் மேற்பரப்பில் ஊசிமுனை போலப் புள்ளிகள் தெரிகின்றன அல்லவா, அவை ஒவ்வொன்றும் எண்ணெய்ப் பை. ஒரு தட்டில் சீனியைப் பரப்பி, முழுப் பழத்தை உள்ளங்கையால் லேசாக அழுத்தி அதன்மேல் உருட்டுங்கள். சீனியின் முனைகள் அந்தப் பைகளைக் கீறும், கசிகிற எண்ணெயைச் சீனியே உறிஞ்சிக்கொள்ளும். அரை நிமிடத்தில் சீனி சற்று ஈரமாகி, ஈர மணல்போலக் கையில் ஒட்டத் தொடங்கும். முகர்ந்து பாருங்கள், வெட்டிய பழத்தைவிட வாசனை தூக்கலாக இருக்கும். பருமனான சீனிதான் இதற்குச் சரி. பொடித்த சீனி கீறாது.

அப்பாயி இதை ருசிக்காகக் கண்டுபிடித்ததாக நான் நினைக்கவில்லை. 1970-களின் முதல் பாதியில் இலங்கையில் சீனி பங்கீட்டுப் பொருள். தோட்டங்களில் அரிசிக்கும் மாவுக்குமே திண்டாட்டம். கிடைத்த கொஞ்சச் சீனியை நிறையச் சீனிபோல உணர வைக்க வேண்டியிருந்தது. வாசனை ஏறிய சீனி நாக்குக்குக் கூடுதலாக இனிக்கிறது. நீங்களே சோதித்துப் பார்க்கலாம். ஒரு டம்ளரில் தேய்த்த சீனி இரண்டு தேக்கரண்டி, இன்னொன்றில் தேய்க்காத சீனி இரண்டரைத் தேக்கரண்டி போட்டு, எது எதென்று தெரியாதவரிடம் கொடுங்கள். எங்கள் வீட்டில் பெரும்பாலானோர் முதல் டம்ளரைத்தான் இனிப்பு என்றார்கள்.

அப்படியே செய்தும் கசக்கிறது. ஏன்?

அதிகம் வருகிற கேள்வி இதுதான். காரணம் ஒன்று இல்லை, நான்கைந்து இருக்கிறது.

முதல் சந்தேகம் அடுப்பின்மேல். பால் டீ போட்டுப் பழகிய கை, தூளைப் போட்டபிறகும் கொதிக்கவிடும். பாலில் உள்ள புரதம் தேயிலையின் துவர்ப்பைப் பிடித்து வைத்துக்கொள்வதால் பால் டீ அதைத் தாங்கும். இங்கே பால் இல்லை. அடுப்பை அணைத்தபிறகுதான் தேயிலை என்பதில் விட்டுக்கொடுக்காதீர்கள்.

அடுத்தது, எலுமிச்சையை உயிர்போகப் பிழிவது. தோலுக்கும் சுளைக்கும் நடுவிலுள்ள வெள்ளைப் பகுதி கசப்பு, விதையும் கசப்பு. மூடியை இரண்டு விரலால் மடக்கி ஒருமுறை அழுத்தினால் வருகிற சாறு போதும். திருகி, புரட்டி, மறுபடி அழுத்தி எடுக்கிற கடைசி நாலு சொட்டில்தான் வம்பு. வெட்டுவதற்கு முன் பழத்தை மேடையில் வைத்து உருட்டினால் பாதி வேலை முடிந்துவிடும். விதையில்லாமல் வெட்ட ஒரு வழி உண்டு. பழத்தை நட்டநடுவில் பிளக்காமல், காம்பு மேலே இருக்க நிறுத்தி, நடுத்தண்டை விட்டு இரண்டு பக்கமும் கன்னம் கன்னமாகச் சீவுங்கள். விதைகள் பெரும்பாலும் தண்டோடு நின்றுவிடும்.

மூன்றாவது, சாற்றை முன்கூட்டியே பிழிந்து வைப்பது. இதை நான் பட்டுத்தான் தெரிந்துகொண்டேன். அத்தை மகளின் வளைகாப்புக்கு முப்பது பேர். காலையில் அவசரம் வேண்டாமென்று முந்தின இரவே இருபது பழத்தைப் பிழிந்து ஒரு சொம்பில் மூடிவைத்தேன். மறுநாள் முதல் டம்ளரை வாங்கிய பெரியம்மா ஒரு வாய் குடித்துவிட்டு, ஒன்றும் சொல்லாமல் டம்ளரைச் சன்னல் திண்டில் வைத்தார். எலுமிச்சை இனப் பழங்களின் சாற்றில் கசப்பில்லாத ஒரு பொருள் இருக்கிறது. பிழிந்தபிறகு அந்தப் புளிப்பிலேயே கிடந்து அது மெல்ல லிமோனின் என்கிற கசப்புப் பொருளாக மாறுகிறது. பிழிந்தவுடன் நாக்குக்குத் தெரியாது, நேரம் ஆக ஆகத் தெரியும். சாறு பிழிந்த கையோடு தேநீருக்குள் போய்விட வேண்டும்.

கொதிக்கக் கொதிக்கப் பிழிவதும் கூடாது. கசப்பைவிட வாசனை இழப்புதான் அதில் பெரிய நஷ்டம். எலுமிச்சையின் மணம் ஆவியோடு ஆவியாகச் சமையலறைக்குப் போய்விடும், டம்ளரில் புளிப்பு மட்டும் மிஞ்சும். அதற்காகத்தான் அந்த ஒரு நிமிடம்.

எந்தத் தேயிலை வாங்க வேண்டும்?

நீலகிரியிலிருந்து எழுதுகிறவரிடம் இதைக் கேட்டால் வேறென்ன சொல்வேன்? நீலகிரித் தேயிலைதான். ஆனால் பாசத்தால் மட்டும் சொல்லவில்லை. அதன் சாயம் துலக்கமாக இருக்கும், ஆறினாலும் அவ்வளவாகக் கலங்காது, எலுமிச்சையோடு சண்டை போடாத மணம் அதற்கு உண்டு. டிசம்பர் முதல் பிப்ரவரி வரை உறைபனிக் காலத்தில் பறிக்கிற கொழுந்தில் செய்த இலைத் தேயிலை கிடைத்தால் விடாதீர்கள்.

குன்னூர்ப் பக்கத்து ஆலைகளில் பெரும்பகுதி உருளைகளுக்கிடையே நசுக்கி, கிழித்து, சுருட்டிச் செய்கிற சி.டி.சி. தேயிலைதான் உற்பத்தியாகிறது. கடுகுபோலக் குறுணையாக இருக்குமே, அதுதான். பால் டீக்கு அது சிறந்தது. எலுமிச்சைக்கு ஆர்த்தடாக்ஸ் என்று அட்டையில் போட்டிருக்கிற முறுக்கிய இலைத் தேயிலை மேல். இல்லையென்றால் இருக்கிற டஸ்ட்டையே பாதி அளவு போட்டு, பாதி நேரம் வையுங்கள். தோட்டத்துக்காரர்கள் வீட்டில் எப்போதும் முதல்தர இலை இருந்தது என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். நல்லதெல்லாம் ஏலத்துக்குப் போய்விடும்.

உங்கள் வீட்டில் குடித்த ருசி சென்னையில் வரவில்லை. தண்ணீரா காரணம்?

தண்ணீரும்தான், உயரமும்தான். கோத்தகிரி கடல் மட்டத்திலிருந்து ஏறக்குறைய 1,800 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. 300 மீட்டருக்கு ஒரு டிகிரி வீதம் தண்ணீரின் கொதிநிலை இறங்குவதால், இங்கே 94 டிகிரி செல்சியஸிலேயே தண்ணீர் கொதித்துவிடும். சென்னையில் 100 டிகிரி. ஒரே தேயிலை, ஒரே நேரம் என்றாலும் உங்கள் டம்ளரில் சாயம் கூடுதலாக இறங்கும். மேலே மூன்று நிமிடம் என்று சொன்னது எங்கள் ஊர்க் கணக்கு. சமவெளியில் இரண்டேகால், இரண்டரை நிமிடத்தில் வடிகட்டிவிடுங்கள். பருப்பு வேக எங்களுக்கு நேரமாகிறது என்று கிண்டல் செய்வீர்களே, அதே காரணம்தான்.

ஆழ்துளைக் கிணற்றுத் தண்ணீரில் டீ போட்டால் மேலே மினுமினுவென்று ஆடை மாதிரி ஒரு படலம் மிதக்கும். தண்ணீரிலுள்ள சுண்ணாம்புச் சத்து தேயிலைச் சாயத்தோடு சேர்ந்து உண்டாக்குவது அது. எலுமிச்சை பிழிந்ததும் படலம் மறைந்துவிடும், ஆனால் சுண்ணாம்பு புளிப்பிலும் ஒரு பங்கைத் தின்றுவிடும். குடிக்க வைத்திருக்கிற தண்ணீரையே இதற்கும் எடுங்கள்.

எலுமிச்சை பிழிந்ததும் நிறம் வெளுத்துவிடுகிறது. சாயம் போலியா?

இல்லை. தேநீரின் செம்மைக்குக் காரணமான தியாரூபிஜின் என்ற நிறமிகள் புளிப்பு ஏறினால் வெளுக்கும், புளிப்புக்கு எதிரான காரத்தன்மை ஏறினால் கருக்கும். அதே சாயத்தில் ஒரு சிட்டிகை சமையல் சோடா போட்டால் கரேலென்று ஆகிவிடும். எனக்கு இந்தத் தேநீரில் பிடித்த கட்டமே இதுதான். செங்கல் நிறத்தில் இருக்கிற டம்ளருக்குள் சாறு விழுந்த இடத்தில் ஒரு மஞ்சள் புகை இறங்கும், கரண்டியை ஒரு சுற்று சுற்றுவதற்குள் டம்ளர் முழுக்கத் தேன் நிறமாகிவிடும். கண்ணாடி டம்ளரில் ஒருமுறையாவது செய்து பாருங்கள்.

நாட்டு எலுமிச்சைதான் வேண்டுமா? பெரிய மஞ்சள் லெமன் கிடைக்கிறதே?

நாம் எலுமிச்சை என்று சொல்கிற சின்ன உருண்டைப் பழமும் வெளிநாட்டிலிருந்து வருகிற, முனையில் காம்புபோல நீண்ட பெரிய மஞ்சள் பழமும் வேறு வேறு. நம்முடையதில் புளிப்பு அதிகம், தோல் காகிதம்போல. பெரியதில் தோல் தடிமன், சாறு சற்று மென்மை. அதைக்கொண்டு செய்தால் தோல் தேய்க்க வசதியாக இருக்கும், ஆனால் டம்ளருக்குக் கால் பழமாவது தேவைப்படும், சீனியைக் கொஞ்சம் குறைக்க வேண்டியிருக்கும்.

எங்களுக்குப் பழம் மேட்டுப்பாளையத்திலிருந்து மலையேறி வருகிறது. தெற்கே இருப்பவர்களுக்குப் புளியங்குடிச் சந்தை இருக்கிறது, கவலையில்லை. கோடையில் விலை ஏறும்போது மூன்று டம்ளருக்கு ஒரு பழம் என்று இழுத்துப் பிடித்துக்கொள்வோம். வாங்கும்போது தோல் மெலிந்து வழவழப்பாகவும் கையில் கனமாகவும் இருக்கிறதா என்று பாருங்கள். முழுக்கப் பழுத்ததைவிடப் பச்சை லேசாக மிச்சமிருக்கிற பழத்தின் தோலில்தான் வாசனை தூக்கல்.

சீனிக்குப் பதில் கருப்பட்டி? தேன்?

கருப்பட்டி எனக்கு மிகவும் பிடிக்கும், இஞ்சிச் சாயத்தோடு. எலுமிச்சையோடு வேண்டாம். அது தன் மணத்தைத்தான் முன்னால் நிறுத்தும், தோலின் வாசனைக்கு இடமே கொடுக்காது. நாட்டுச் சர்க்கரைக்கும் இதே பதில்.

தேன் சேர்க்கலாம். ஆனால் தேனில் தோலைத் தேய்க்க முடியாது. தேய்த்த சீனி ஒரு தேக்கரண்டி, தேன் ஒரு தேக்கரண்டி என்று பாதிப்பாதியாகப் போடுங்கள். ஒரு வயது நிரம்பாத குழந்தைக்குத் தேனை நாக்கில்கூடத் தடவக் கூடாது என்பது நினைவிருக்கட்டும்.

உப்பு எதற்கு?

உப்பு கரிக்கக் கூடாது, இருப்பதே தெரியக் கூடாது. அது துவர்ப்பைத் தட்டிவைக்கும். கொல்கத்தாத் தெருக்களில் லேபு சா என்று எலுமிச்சைத் தேநீர் விற்கிறார்கள். அதில் கறுப்பு உப்பு தெரிகிற மாதிரியே போடுவார்கள். அது வேறு ருசி, நன்றாகத்தான் இருக்கும்.

ஏலக்காய், புதினா, பட்டை சேர்க்கலாமா?

இஞ்சியைத் தவிர வேறெதுவும் நான் போடுவதில்லை. புதினா போடுவீர்களானால் இஞ்சியை விட்டுவிடுங்கள். ஏலக்காய் பாலுக்கு உரியது.

கொஞ்சம் பால் விட்டால்?

திரிந்துவிடும்.

எந்தப் பாத்திரம்?

எவர்சில்வர், கண்ணாடி, பீங்கான் மூன்றும் நல்லது. ஈயம் பூசாத பித்தளையும் அலுமினியமும் புளிப்புக்கு ஆகாது. எலுமிச்சை டம்ளரில்தானே விழுகிறது, அலுமினியப் பாத்திரத்தில் வெந்நீர் மட்டும்தானே என்று கேட்டார் ஒருவர். வாதம் சரிதான். இருந்தாலும் மிச்சச் சாற்றை அந்தப் பாத்திரத்திலேயே பிழிகிற கை ஒன்று எல்லா வீட்டிலும் இருக்கிறது.

குளிர்ச்சியாகக் குடிக்க முடியுமா?

தாராளமாக. தேயிலையை ஒன்றரை மடங்காக்கி, தண்ணீர் அளவை மாற்றாமல் அதே நேரம் ஊறவையுங்கள். நேரத்தைக் கூட்டினால் துவர்க்கும். சூட்டிலேயே சீனியைக் கரைத்துவிடுங்கள், குளிர்ந்தபின் எளிதில் கரையாது. ஆறியதும் எலுமிச்சை பிழிந்து, பனிக்கட்டி நிரப்பிய டம்ளரில் ஊற்றுங்கள். குளிர்ந்த தேநீர் சில சமயம் கலங்கி மங்கலாகும். தேயிலையின் காஃபீனும் துவர்ப்புப் பொருள்களும் சேர்ந்து திரள்வதால் அப்படி ஆகிறது. கெட்டுப்போய்விடவில்லை, பயப்படாமல் குடிக்கலாம்.

உடம்பு இளைக்குமா? சளி போகுமா?

ஒரு டம்ளருக்கு இரண்டு தேக்கரண்டி சீனி போட்டுவிட்டு இளைப்பதைப் பற்றி எப்படிப் பேசுவது? ஒரு தேக்கரண்டிச் சீனியில் ஏறத்தாழ 16 கலோரி இருக்கிறது. சர்க்கரை நோய் உள்ளவர்களுக்கு இது உகந்ததல்ல. அவர்களுக்கு நான் இஞ்சியும் எலுமிச்சையும் உப்பும் மட்டும் போட்டுத் தருகிறேன், அது வேறொரு பானம். சளி பிடித்த தொண்டைக்குச் சூடு இதமாக இருக்கும். சளியைப் போக்குகிற மருந்தல்ல.

சாப்பாட்டோடு சேர்த்துத் தேநீர் குடித்தால் கீரையிலும் பருப்பிலும் உள்ள இரும்புச்சத்து உடம்பில் சேர்வது குறையும். எலுமிச்சையில் உள்ள வைட்டமின் சி இதை ஓரளவு சரிக்கட்டும். இருந்தாலும் ரத்தசோகை உள்ளவர்கள் சாப்பிட்டு ஒரு மணி நேரமாவது கழித்துக் குடிப்பது நல்லது. வயிற்றுப்புண் உள்ளவர்கள் காலையில் வெறும்வயிற்றில் குடிக்க வேண்டாம்.

முப்பது பேருக்கு எவ்வளவு?

நான்கரை லிட்டர் தண்ணீர், 60 கிராம் இலைத் தேயிலை, 240 கிராம் சீனி, பதினைந்திலிருந்து இருபது எலுமிச்சை. தேயிலையை மெல்லிய துணியில் தளர்வாக மூட்டை கட்டிப் போட்டால் நேரம் ஆனதும் தூக்கிவிடலாம். அண்டாவில் தூளோடு விட்டுவைத்தால் பத்தாவது டம்ளருக்குமேல் யாரும் குடிக்க மாட்டார்கள். எலுமிச்சையை அண்டாவில் கலக்காதீர்கள். வீட்டுப் பிள்ளைகள் இருவரை டம்ளருக்கு டம்ளர் பிழிய நிறுத்துங்கள். முந்தின இரவு எதைச் செய்யக் கூடாது என்பதை மேலே சொல்லிவிட்டேன்.

தேய்த்த சீனியைச் செய்து வைத்துக்கொள்ளலாமா?

தட்டில் நிழலில் உலர்த்தி, இறுக மூடிய போத்தலில் போட்டுக் குளிர்ப்பெட்டியில் வைத்தால் இரண்டு வாரம் வாசனை நிற்கும். அதற்குமேல் வெறும் சீனிதான்.

உங்கள் அப்பாயி இதை ஒரு நாளைக்கு எத்தனை முறை குடிப்பார்?

ஒருமுறைகூட இல்லை. வந்தவர்களுக்குப் போட்டுக் கொடுப்பார், பேரப்பிள்ளைகளுக்குக் கொடுப்பார். தனக்கு வெறும் சாயத்தண்ணி. ஒரு கரண்டி சீனியை உள்ளங்கையில் கொட்டிக்கொண்டு, நாக்கில் ஒரு துளி தொட்டுவைத்து ஒரு வாய் குடிப்பார். மறுபடி ஒரு துளி, ஒரு வாய். இலங்கையில் பலர் அப்படித்தான் குடிப்பார்கள், சீனிக்குப் பதில் கருப்பட்டித் துண்டைக் கடித்துக்கொண்டு குடிப்பவர்களும் உண்டு. இந்தப் பக்கம் வந்து சீனி டப்பா நிறைந்து இருந்த காலத்திலும் அவர் டம்ளருக்குள் சீனியைப் போட்டு நான் பார்த்ததில்லை. ஏன் என்று கேட்டதற்கு, போட்டுக் கலக்கினால் எங்கே போனது என்றே தெரியாது என்றார்.

பிழிந்த மூடிகளை என்ன செய்வது?

ஒரு ஜாடியில் உப்போடு போட்டு வாருங்கள், பதினைந்து மூடி சேர்ந்ததும் ஊறுகாய் போடலாம். இரண்டு மூடியை மட்டும் நிறுத்திக்கொண்டு, கல்லுப்பைத் தொட்டு டம்ளரின் உட்புறம் தேயுங்கள். எவர்சில்வரில் படிந்த தேயிலைக் கறை சோப்பில்லாமலே போய்விடும்.